பாரிசுக்குத் தைத்த கோட்டு

நான் பாரிசுக்குப் போவதென்று முடிவு செய்தேன். தனியாக.

இதில் ‘தனியாக’ என்பதுதான் முக்கியம். பாரிசுக்குப் பதில் பினாங்கு என்றிருந்தாலும் நான் ஒப்புக்கொண்டிருப்பேன்.

காரணம் என் மனைவி தேவகி. அவளைக் கெட்டவள் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். ரொம்ப நல்லவள். கஷ்டமே அங்கேதான். கெட்டவளாக இருந்தால் ஊரில் நாலு பேராவது என் பக்கம் பேசுவார்கள். எந்த வேட்டியைக் கட்டுவது, குளிக்க வெந்நீரா பச்சைத் தண்ணீரா, எனக்குப் பசிக்கிறதா இல்லையா என்பது வரைக்கும் அவளே யோசித்து வைத்துவிடுவாள். கலியாணம் ஆன நாளிலிருந்து என் மூளைக்கு வீட்டில் உத்தியோகம் இல்லை. ஒரே மகளைக் காவேரிப்பாக்கத்தில் கட்டிக்கொடுத்து அனுப்பிய பிறகு, அவள் மேய்ப்பதற்கு மிச்சம் இருந்தது நான் ஒருவன்தான்.

வெளியே என் மதிப்பே வேறு. ஆம்பூரில் ரஷீத் அஹமது சாயபுவின் தோல் பதனிடும் ஷாப்பில் தரம் பிரிக்கிறவன் நான். ஆவாரம்பட்டைத் தண்ணீரில் ஊறி, காய்ந்து வருகிற தோலைக் கட்டை விரலால் ஒரு தடவு தடவுவேன். முதல் தரம், இரண்டாம் தரம், கழிசல் என்று சொல்லிவிடுவேன். லண்டன்காரன்கூட அதற்கு மேல் பேசமாட்டான். வீட்டில் தேவகி, தடவிப் பார்க்காமலே என்னைத் தரம் பிரித்து ஒரு மூலையில் போட்டிருந்தாள்.

முப்பத்தொன்றாம் வருஷம் பாரிசில் பெரிய பொருட்காட்சி என்று பேப்பரில் வந்தது. தன் மனைவி பேகம் ஜஹீதாவைக் கூட்டிக்கொண்டு போய்ப் பார்த்துவிட்டு வர வேண்டும் என்று சாயபுவுக்கு ஆசை.

“காசிநாதா, நீயும் வர்றியா? செலவு என்னுது. கப்பல்ல பேச்சுத் துணைக்கு ஒரு தோஸ்த் வேணும்பா.”

“யாவார விஷயமா சாயபு?”

“யாவாரம்னா ஊர்ப்பட்ட காயிதம் கேப்பான். பேஜாரு. வேடிக்கை பாக்கப் போறோம்னு சொல்லிடுவோம். ஒரு பாஸ்போர்ட்டு, அதுல பிரெஞ்சுக்காரன் குத்துற விசா. அவ்ளோதான்.”

எனக்குக் கண் நிறைந்துவிட்டது. நாலு மாதம்! நாலு மாதம் நானே முடிவு செய்து குளிப்பேன்.

இங்கே சாயபுவின் வீட்டைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். அந்த வீட்டுக்கு இரண்டு வாசல். தெரு வாசல் ஆண்களுக்கு. சந்துப் பக்கத்து வாசல் பெண்களுக்கு. பேகம் கோஷா என்பதால் அந்தப் பக்கம் அந்நிய ஆண்பிள்ளை நிழல் விழக்கூடாது. தெரு வாசல் வழியாக நான் போய் வந்துகொண்டிருந்தேன். சந்து வாசல் வழியாக வெள்ளிக்கிழமை தோறும் தேவகி ஊறுகாய் ஜாடியோடு போய், பேரீச்சம்பழத்தோடு திரும்புவாள். உள்ளே என்ன பேசுகிறார்கள் என்று நான் கேட்டதே இல்லை. பெண்பிள்ளைகள் என்ன பேசிவிடப் போகிறார்கள்? ஊறுகாயைப் பற்றிப் பேசுவார்கள் என்று இருந்தேன்.

வீட்டுக்குப் போய் விஷயத்தைச் சொன்னேன். பிரளயம் வரும் என்று ஒரு தூணுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டுதான் சொன்னேன்.

“போய்ட்டு வாங்க” என்றாள் தேவகி.

“இன்னாது?”

“போய்ட்டு வாங்கன்னேன். நல்ல ஊராமே. பேகமும் போறாங்களா?”

“ஆமா, ஆமா.”

“பொம்பளத் துணைக்கு?”

“கப்பல்ல ஆயிரம் பேர் இருப்பாங்க.”

“அதுவும் சரிதான்” என்று புளியைக் கரைக்கப் போய்விட்டாள். இருபது வருஷ அனுபவம் உள்ளவன் அந்த இடத்தில் உஷாராகியிருக்க வேண்டும். நான் சந்தோஷத்தில் இரண்டு வாய்ச் சோறு அதிகமாகச் சாப்பிட்டேன்.

மறுநாள் சாயபுவின் குமாஸ்தா நிசார் அஹமது பாஸ்போர்ட்டு விண்ணப்பத்தோடு வீட்டுக்கு வந்தார். ஊர், பேர், வயசு எல்லாம் ஒழுங்காக முடிந்தது.

“ஒடம்புல அடையாளம் இன்னா இருக்கு மேஸ்திரி?”

தொழில் புத்தி யாரை விட்டது?

“எழுதிக்கோங்க. கழுத்துப் பக்கம் கத்திவெட்டு ஒண்ணு. முதுகுல உண்ணிக்கடி கிடையாது. வயித்துப் பக்கம் கொஞ்சம் தளர்ச்சி. மொத்தத்துல ரெண்டாம் தரம்.”

கதவுக்கு உள்ளேயிருந்து குரல் வந்தது: “ரெண்டாம் தரம்னு போடாதீங்க அண்ணா. சீமைக்குப் போற சரக்கு. பொய் சொன்னா திருப்பி அனுப்பிடுவான்.”

நிசார் அஹமது ‘வலது புருவத்தில் மச்சம்’ என்று எழுதிக்கொண்டு போனார்.

பாஸ்போர்ட்டு வந்து சேர்ந்தது. இனி விசா. அதற்குப் பட்டணத்தில் பிரெஞ்சுக் கன்சல் ஆபீசுக்குப் போகவேண்டும். அங்கேதான் ஒரு சிக்கல் என்றார்கள். வேடிக்கை பார்க்கப் போகிறவன் அங்கேயே தங்கிவிடுவானோ என்று அவர்களுக்குச் சந்தேகமாம். ‘நீ ஊருக்குத் திரும்பி வருவாய் என்று எப்படி நம்புவது?’ என்று கேட்பார்களாம். வாணியம்பாடிக்காரர் ஒருவர் இந்தக் கேள்விக்கு முழித்துவிட்டு வெறுங்கையோடு ரயிலேறினாராம்.

“இன்னா சொல்லப் போறீங்க?” என்று கேட்டாள் தேவகி.

“இதுல இன்னா கஷ்டம்? எனக்கு ஆசைப் பொண்டாட்டி ஒருத்தி ஊட்ல காத்துக்கினு இருக்கான்னு சொல்லுவேன்.”

“கெட்டுது போங்க. பொண்டாட்டி இருக்கான்னு சொன்னா, திரும்பி வருவீங்கன்னு எவன் நம்புவான்? அந்தத் துரைக்கும் கலியாணம் ஆயிருக்கும்ல?”

அவள் சொன்னதில் நியாயம் இருந்தது.

“தொழிலச் சொல்லுங்க. ‘நான் இல்லாட்டி எங்க ஷாப்பு ஒரு நாள் ஓடாது’ன்னு சொல்லுங்க. கம்மியா சொல்லாதீங்க. நல்லா ஜாஸ்தியாவே சொல்லுங்க. சாயபுவும் பக்கத்துல இருக்கப்போறாரு. அவரே சாட்சி.”

என் மனைவி வாயால் என் பெருமையை நான் கேட்டது அன்றைக்குத்தான். மெய்யாகவே நெஞ்சு குளிர்ந்துபோயிற்று. இப்பேர்ப்பட்டவளை ஏமாற்றிவிட்டுப் போகிறோமே என்று சங்கடமாகக்கூட இருந்தது.

“தேவகி, வரும்போது உனக்கு இன்னா வாங்கியாரட்டும்?”

“எனக்கு வேண்டியத நானே பாத்துக்கறேன். நீங்க மொதல்ல குளிருக்கு ஒரு கோட்டு தச்சிக்கோங்க. தையக்காரரு வாஹித் பாஷா பொண்டாட்டி எனக்குப் பழக்கம். நான் போய்ச் சொல்லிட்டு வர்றேன்.”

“அளவு?”

“உங்க அளவு எனக்குத் தெரியாதா?”

நாலாம் நாள் கோட்டு வந்தது. காப்பிக்கொட்டை நிறத்தில் நல்ல கனமான கம்பளி. போட்டுப் பார்த்தேன். தோளில் பிடித்தது. கை முட்டிக்குக் கீழே கொஞ்ச தூரம் வந்து நின்றுகொண்டது. பொத்தானைப் போடப் போனால் அது இடப்பக்கம் இருந்தது.

“இன்னாடி இது, பொத்தான் மாறிப் போய் இருக்கு?”

“சீமையில அப்டித்தானாம்.”

“தோளு இறுக்குதே?”

“கப்பல் சோத்துல எளைச்சிடுவீங்க. அப்புறம் சரியாயிடும்.”

எல்லாவற்றுக்கும் பதில் வைத்திருந்தாள். கோட்டை ஆணியில் மாட்டிவிட்டு நானும் சாயபுவும் பட்டணத்துக்கு ரயிலேறினோம்.

கன்சல் துரை சிவப்பாக, தூக்கம் வழிகிற முகத்தோடு உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் புதுச்சேரிக்கார குமாஸ்தா ஒருவர். துரை பேசுவதைத் தமிழிலும், நாம் பேசுவதைப் பிரெஞ்சிலும் அவர் சொல்வார். சாயபு பெரிய மனிதர், சொத்துக்காரர். அவர் வேலை சீக்கிரம் முடிந்தது. அடுத்து நான்.

“ஊருக்குத் திரும்பி வருவீங்கன்னு துரை எப்படி நம்புறதுன்னு கேக்கறாங்க” என்றார் குமாஸ்தா.

தொண்டையைக் கனைத்துக்கொண்டேன்.

“நான் இல்லாட்டி எங்க ஷாப்பு ஒரு நாள் ஓடாதுங்க.”

குமாஸ்தா சொன்னார். துரை தலையை ஆட்டினார். அத்தோடு நிறுத்தியிருக்கலாம். ‘ஜாஸ்தியாவே சொல்லுங்க’ என்று தேவகி சொல்லி அனுப்பியிருந்தாளே!

“இந்தக் கட்டை விரல் பட்டாத்தாங்க சரக்கு கப்பலேறும். போன ஆடியில எனக்குக் காய்ச்சல். படுத்துட்டேன். வேற ஒருத்தன் தரம் பிரிச்சான். இன்னா ஆச்சு? கழிசல் எல்லாம் மொத தரமா லண்டனுக்குப் போய்ட்டுது. சாயபு பேரு நாறிப் போச்சுங்க. கேட்டுப் பாருங்க, பக்கத்துலதான் இருக்காரு. நான் நாலு மாசம் ஊர்ல இல்லன்னா ஷாப்ப இழுத்து மூட வேண்டியதுதாங்க!”

துரைக்குத் திருப்தி. டப்பென்று முத்திரை குத்தினார். வெற்றியோடு சாயபுவைத் திரும்பிப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை. தாடியைத் தடவிக்கொண்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ரயில் காட்பாடி தாண்டிய பிறகு, “அந்தக் காய்ச்சல் சமாச்சாரம் எனக்கு மறந்தே போச்சுப்பா” என்றார்.

இரண்டு நாள் கழித்து ஷாப்பில் எல்லோரும் இருக்கும்போது என்னைக் கூப்பிட்டார்.

“காசிநாதா, நீ துரைகிட்ட சொன்னது நூத்துக்கு நூறு நெசம். நீ வந்துட்டா இங்க இன்னா ஆவறது? நான் யோசிக்காம உன்னக் கூப்ட்டுட்டேன். தப்பு என்னுது.”

“சாயபு, அது விசாவுக்காக...”

“அடக்கமா பேசாத. உன் அருமை அன்னிக்குத்தான் எனக்குப் புரிஞ்சுது. நீ இருந்து ஷாப்பப் பாத்துக்கோ. நம்ம தேவகி வந்தாப் போதும்.”

“யாரு?”

“தேவகிப்பா, உன் சம்சாரம்! பொம்பளத் துணை இல்லாம கப்பல்ல கால் வெக்க மாட்டேன்னுட்டா பேகம். ரெண்டு மாசமா இதே பேச்சு. தேவகி வந்தாத்தான் வருவாளாம். பேகத்தோட சேத்து தேவகிக்கும் பாஸ்போர்ட்டுக்கு எழுதியாச்சு, உங்கிட்ட அவளே சொல்லிக்கறேன்னாளாம். புருஷன் சம்மதம்னு ஒரு வார்த்தை வேணுமாம். இன்னா சொல்ற?”

சுற்றிலும் ஆள்கள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். வீட்டில் பெண்டாட்டி என் சொல்லைத் தட்டமாட்டாள் என்று அவர்களிடம் நான் அளந்து வைத்திருந்தது கொஞ்சநஞ்சமல்ல.

“எனக்கு இன்னா ஆட்சேபணை?” என்றேன்.

வீட்டுக்கு வந்ததும் கேட்டேன்.

“பாரிசுக்குப் போறியாமே?”

“யாரு சொன்னாங்க?”

“சாயபு.”

“அப்ப நெசந்தான் போல.”

“எங்கிட்ட ஒரு வார்த்தை சொன்னியா?”

“பேகம் கேட்டுக்கினே இருந்தாங்க. கட்டின புருஷன உட்டுட்டு எப்டி வர்றதுன்னு நானும் சொல்லிக்கினே இருந்தேன். அப்பத்தான் நீங்க வந்து, என்ன உட்டுட்டுப் போறேன்னு சிரிச்சிக்கினே சொன்னீங்க. ஓகோ, இப்டி உட்டுட்டுப் போலாம் போலன்னு உங்களப் பாத்துத்தான் கத்துக்கிட்டேன்.”

எனக்குக் கோபம் வந்தது. ஆனால் அவள் இல்லாத வீட்டை நினைத்ததும் கோபத்தைக் காணோம்.

“எனக்குச் சோறு?”

“அடுத்த ஊட்டுப் பட்டம்மாள்கிட்ட சொல்லியிருக்கேன். எந்த வேட்டி, எப்ப வெந்நீருன்னும் சொல்லியிருக்கேன்.”

அவளுக்கு விசா வாங்க நானேதான் பட்டணத்துக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அதே துரை, அதே குமாஸ்தா, அதே கேள்வி.

“ஊட்ல ஒருத்தரு இருக்காருங்க” என்றாள் தேவகி என்னைக் காட்டி. “உப்பு எந்த டப்பாவுல இருக்குன்னு அவருக்குத் தெரியாது.”

குமாஸ்தா சொல்லி முடிப்பதற்குள் துரை முத்திரை குத்திவிட்டார். என்னைப் பரிதாபமாக ஒரு பார்வை பார்த்தார். அவருக்கும் கலியாணம் ஆகியிருந்தது நிச்சயம்.

புறப்படுகிற அன்று பெட்டி கட்டினாள். எனக்காக வாங்கிய பெட்டி. எல்லாம் வைத்து முடித்த பிறகு ஆணியைப் பார்த்தாள்.

“அந்தக் கோட்ட எடுங்க. அங்க குளிரு ஜாஸ்தியாம்.”

“அது எனக்குத் தச்சது!” என்றேன். அந்த ஒன்றையாவது விட்டுக்கொடுக்கக் கூடாது என்று இருந்தது.

“எடுங்கன்னேன்.”

எடுத்துக் கொடுத்தேன். புடவைக்கு மேலே போட்டுக்கொண்டு, இடப்பக்கத்துப் பொத்தான்களை மேலிருந்து கீழே ஒவ்வொன்றாகப் போட்டாள். தோளில் இறுக்கவில்லை. கை மணிக்கட்டில் வந்து அழகாக நின்றது.

வாஹித் பாஷா நல்ல தையல்காரர். கொடுத்த அளவில் ஒரு நூல் பிசகவில்லை.