இரண்டாவது என்டர்

"மௌஸைத் தொடாதீங்க சார்!"

கம்ப்யூட்டர் பழுது பார்க்க வந்த பெண் காலையிலிருந்து ஒன்பதாவது முறையாக அதட்டினாள். திருடிப் பிடிபட்டவர்போலக் கையை இழுத்துக்கொண்டார் டபுள்.

லிஃப்ட் ரிப்பேர் கம்பெனியில் புகார்ப் பிரிவு குமாஸ்தா அவர். எதையும் இரண்டு தடவை செய்தால்தான் அவருக்கு நிம்மதி. வீட்டைப் பூட்டினால் பூட்டை இரண்டு தடவை இழுத்துப் பார்ப்பார். மனைவியிடம் "போயிட்டு வரேன்" என்பதையும் இரண்டு தடவை சொல்வார். அதனால் ஆபீஸில் எல்லாருக்கும் அவர் டபுள்.

அவருடைய கம்ப்யூட்டர் போன வாரம் உயிரை விட்டது. மாடியிலிருந்து ஒரு பழையதை இறக்கிக் கொடுத்தார்கள். கூடவே மேனேஜரின் சுற்றறிக்கையும் இறங்கியது: வேலை வேகமாக நடக்க வேண்டும், இனி எல்லாவற்றையும் கீபோர்டிலேயே தேடி எடுக்க வேண்டும்.

"ரொம்ப சுலபம் சார். இந்த ரெண்டு பட்டனையும் சேர்த்து அமுக்குங்க. பெட்டி வருதா? வேணுங்கறதுல ஒரு வார்த்தை அடிங்க, லிஸ்ட் வரும். என்டர் தட்டுங்க. அவ்வளவுதான்."

"லிஸ்ட்ல பத்து வந்தா?"

"அடிக்கடி எடுக்கறது தானா மேல வந்து நிக்கும். தேடவே வேண்டாம்."

சொல்லிவிட்டு அடுத்த மேஜைக்குப் போய்விட்டாள்.

டபுளுக்கு அன்று ஒரே ஒரு காரியம்தான் ஆக வேண்டும். வியாழக்கிழமை மகளைக் கல்லூரி விடுதியில் சேர்க்க மூன்று நாள் லீவு. நேரில் கேட்டால் "நான் லீவு எடுத்து ஏழு வருஷம் ஆச்சு" என்று மேனேஜர் ஆரம்பித்துவிடுவார். கேட்டவர் ஆறுதல் சொல்லிவிட்டு இறங்கி வர வேண்டியதுதான். மகளோ காலையில் செருப்பு மாட்டிக்கொண்டே, "ஸ்கூல்ல சேர்த்த அன்னைக்கும் நீங்க வரல. இதுக்காவது வாங்கப்பா" என்று சொல்லியிருந்தாள். அது அவரைக் காலையிலிருந்து உறுத்திக்கொண்டே இருந்தது.

மெயிலிலேயே கேட்டுவிடலாம் என்று பெட்டியை வரவழைத்தார். குனிந்து எழுத்து எழுத்தாகத் தேடி 'கடிதம்' என்று அடித்தார். வழக்கம்போல என்டரை இரண்டு தடவை தட்டினார்.

முதல் தட்டுக்குக் கடிதம் திறந்தது. பெயரும் தேதியும் மேலதிகாரியின் முகவரியும் தாமாகவே நிரம்பிக்கொண்டன. இரண்டாவது தட்டுக்கு மேனேஜருக்குப் போய்விட்டது. டபுள் நிமிர்ந்து பார்த்தார். 'ராஜினாமா கடிதம் அனுப்பப்பட்டது.'

"ஐயையோ! லீவு கேட்டேன்மா, வேலையையே விட்டுட்டேன்!"

"பதறாதீங்க சார். 'கடைசி மெயில்'னு அடிச்சு, லிஸ்ட்ல ரத்துன்னு இருக்கறதைப் பார்த்து..."

அவள் முடிப்பதற்குள் அடித்துவிட்டார். என்டர், என்டர். மேலே நின்றது 'கடைசி மெயிலை அனைவருக்கும் அனுப்பு'. ஹால் முழுக்க செல்போன்கள் இரண்டு தடவை கிணுகிணுத்தன.

"இருபது வருஷமாப் பக்கத்துல உக்காந்திருக்கேன், ஒரு வார்த்தை சொல்லலையே!" ஸ்டோர்காரம்மாவின் கண் கலங்கிவிட்டது.

"நான் எங்கேயும் போகலைம்மா!"

"அப்புறம் எதுக்கு ரெண்டு மெயில்?"

அதற்குள் டிஸ்பாட்ச்காரர் வந்து, "இந்த நாற்காலி இனிமே உங்களுக்கு வேண்டாமே?" என்று டபுளை எழுப்பிவிட்டு அதை உருட்டிக்கொண்டே போனார்.

டபுள் நின்றபடியே மறுபடி பெட்டியைத் திறந்தார். மேனேஜருக்கு அவசரமாக ஒரு வரி எழுதிவிட்டால் போதும்.

"சார், தொடாதீங்க!" என்று அந்தப் பெண் ஓடி வந்தாள். இந்தத் தடவை மௌஸைச் சொல்லவில்லை.

'அவசரம்' என்று அடித்தாயிற்று. என்டர், என்டர். 'அவசரக் கூட்டம்: அனைவரும் உடனே மாடிக்கு வரவும்.'

வந்தார்கள். பதினான்கு பேரும் வந்தார்கள். மேனேஜர் அறை வாசலில் டபுளை முன்னே தள்ளிவிட்டு, வேடிக்கை பார்க்க வசதியாக நின்றுகொண்டார்கள்.

மேனேஜர் கையில் ராஜினாமா கடிதத்தின் அச்சுப் பிரதி இருந்தது. கத்தப்போகிறார் என்று டபுள் கண்ணை மூடிக்கொண்டார். மேனேஜர் தாழ்ந்த குரலில் கேட்டார்.

"அனுப்பியே விட்டுட்டீங்களா?"

"தெரியாம நடந்துடுச்சு சார். பொண்ணை ஹாஸ்டல்ல சேர்க்க மூணு நாள் லீவுதான் கேட்க வந்தேன். தெரியாம நடந்துடுச்சு சார்."

"என்டர் தட்டும்போது கை நடுங்கலையா?"

"இல்ல சார். ரெண்டு தடவை தட்டறது எனக்குப் பழக்கம்."

மேனேஜர் கடிதத்தை நான்காகக் கிழித்தார்.

"மூணு நாள் எதுக்கு? ஒரு வாரம் எடுத்துக்கங்க. பொண்ணை நல்லபடியா சேர்த்துட்டு வாங்க."

டபுள் இரண்டு தடவை நன்றி சொன்னார். சந்தோஷம் தாங்காமல் இறங்கி வந்து பார்த்தால் நாற்காலி இன்னும் திரும்பி வரவில்லை. வந்த எரிச்சலெல்லாம் கம்ப்யூட்டர் மேல் பாய்ந்தது.

"இந்தச் சனியனை எடுத்துட்டுப் போம்மா! அடிக்கடி எடுக்கறதுதான் மேல வரும்னு சொன்னியே? நான் ஜென்மத்துல தொடாத கடிதம் எப்படி மேல வந்துச்சு?"

அவள் இரண்டு பட்டனை அமுக்கி, எதையோ திறந்து படித்தாள். மாடிப்படியை ஒரு தடவை திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"இது போன மாசம் வரைக்கும் மேனேஜரோட கம்ப்யூட்டர் சார், அந்தக் கடிதத்தை நூத்திப் பதினாலு தடவை திறந்திருக்காரு, ஒரு தடவைகூட ரெண்டாவது என்டர் தட்டல."