ஓப்பன் காஸ்ட்காரன் வீட்டில் அண்டர்கிரவுண்ட் படம்

வடக்குத்து,
புதன்கிழமை.

அன்புள்ள மாப்பிள்ளை வெங்கடேஷுக்கு,

உன் அக்கா புருஷன் சிவப்பிரகாசம் எழுதுவது. இங்கே நானும் உன் அக்கா அன்புக்கரசியும் நலம். நெல்லிக்குப்பத்தில் உனக்குச் சர்க்கரை எப்படி? நீ வேலை பார்க்கும் ஆலையில் இருப்பதைக் கேட்கவில்லை, உடம்பில் இருப்பதைக் கேட்கிறேன்.

நிற்க. உன் அக்கா மகள் சத்யா, "அண்டர்கிரவுண்ட் சினிமா எடுக்கப் போறேன்ப்பா" என்றாள். முப்பத்து நான்கு வருடம் மைன்ஸில் இருந்தவனுக்குச் சுரங்கம் தவிர வேறென்ன தோன்றும்? நெய்வேலியில் எல்லாமே ஓப்பன் காஸ்ட், மேலிருந்து வெட்டிக்கொண்டே போவது. பூமிக்குள் நுழைகிற வேலை இங்கே கிடையாது. சரி, வேறு எந்தச் சுரங்கத்துக்கோ போகிறாள், கூரை சரிந்தால் என்ன ஆவது என்று பரணிலிருந்த என் ஹெல்மெட்டையும் பூட்ஸையும் இறக்கி, நன்றாக இருக்கிறதா என்று நானே மாட்டிப் பார்த்தேன். குளித்துவிட்டு வந்த நேரம், இடுப்பில் துண்டு மட்டும். ஹெல்மெட் தலையில் ஏறியதும் என்ன ஆனதோ, பதினேழு வருடம் என் புரமோஷனை அமுக்கி வைத்த பழைய ஷிப்ட் இன்சார்ஜை பீரோக் கண்ணாடியில் நிறுத்தி, வாய்க்கு வந்தபடி திட்டித் தீர்த்துவிட்டேன். பெயரைச் சொல்லவில்லை, ஆனால் அவருடைய மூக்குப்பொடி டப்பாவைக்கூட விடவில்லை. சர்வீஸில் இருந்தவரை அவரிடம் "எஸ் சார்" தவிர ஒன்றும் பேசாதவன் நான். பின்னால் சத்யா செல்போனோடு நின்றிருக்கிறாள்.

அதுதான் படமாம். "அண்டர்கிரவுண்டுன்னா பூமிக்கு அடியில இல்லப்பா, சென்சாருக்கு அடங்காத படம்" என்கிறாள். வெட்டச் சொன்னால் படைப்புச் சுதந்திரமாம். "என் துண்டுக்குச் சுதந்திரம் இல்லியா?" என்று கேட்டேன். உன் அக்காவோ, "நல்ல துண்டா கட்டிக்கினு திட்டக் கூடாதா?" என்று என்னைத்தான் பிடித்துக்கொண்டாள். ஞாயிற்றுக்கிழமை டவுன்ஷிப் மன்றத்தில் திரையிடுகிறார்கள். மன்றச் செயலாளர் யார் தெரியுமா? அதே இன்சார்ஜ். இனி எந்த முகத்தோடு அவருக்கு வணக்கம் வைப்பேன்? தாய்மாமன் சொன்னால் கேட்பாள். உடனே வந்து படத்தை நிறுத்து.

உன் பிள்ளைகளாவது நன்றாகப் படித்து நல்ல வேலைக்குப் போகட்டும், சினிமாவுக்கு வேண்டாம்.

இப்படிக்கு,
மானம் போகக் காத்திருக்கும்
சிவப்பிரகாசம்

பி.கு.: கவரை ஒட்டுவதற்குள் செயலாளரே போன் செய்தார். படத்தை முன்கூட்டியே பார்த்துவிட்டாராம். "நடிப்பு பிரமாதம் சிவப்பிரகாசம். ஆனா அந்த இன்சார்ஜ் கேரக்டர் ரொம்ப ஓவர். இவ்ளோ மோசமான மனுஷன் எங்கயும் இருக்க மாட்டான். அந்த வசனத்த மட்டும் வெட்டிடச் சொல்லுங்க" என்றார். பழக்க தோஷம், "எஸ் சார்" என்று வைத்துவிட்டேன். வைத்த பிறகுதான் உறைத்தது, சர்வீஸ் முடிந்தும் அதே "எஸ் சார்" தானா? இப்போது சத்யாவும் மனம் இளகி, "உனக்காக வெட்டிடறேன்ப்பா" என்கிறாள். தாய்மாமன் சொன்னால் கேட்பாள். ஒரு வார்த்தைகூட வெட்டக் கூடாது என்று சொல். ஞாயிறன்று ஒரு நல்ல துண்டோடு வா. நான் ஹெல்மெட் மாட்டிக்கொண்டு அவர் பக்கத்து நாற்காலியில் உட்காரப் போகிறேன்.