பத்து மாப்பிள்ளை வந்தாரே

அறவே படிக்கத் தெரியாதவர்களால் கல்யாண வீட்டுக்கு ஒரு ஆபத்தும் வராது. முக்கால்வாசி தெரிந்தவர்களைத்தான் கட்டிப் போட வேண்டும். அறுபதுகளில், செஞ்சியில், என் அக்காவின் நிக்காஹ் அன்று என்னைக் கட்டிப் போட யாருக்கும் தோன்றவில்லை.

குர்ஆன் ஓதுவதில் மதரஸாவில் முதல் பரிசு வாங்கியிருந்த நேரம். (பரிசு ஒரு சோப்பு டப்பா. நான் அதைத் தூக்கிக்கொண்டு திரிந்த தோரணைக்குக் கோட்டையையே எழுதிக் கொடுத்திருக்கலாம்.) மாப்பிள்ளை வீட்டார் அவலூர்பேட்டையில் ஜவுளி வியாபாரம். மாப்பிள்ளையின் அண்ணி ஜைனப் ஒரு பழைய பாட்டுப் புத்தகத்தோடு வந்தார்.

"எங்க வீட்டுல எல்லாக் கல்யாணத்துக்கும் இந்தப் பாட்டுதான். எங்க மாமியார் ரொம்ப ஆசைப்படறாங்க. அரபுத் தமிழு. படிச்சிடுவியா?"

"தூங்கிக்கினே படிப்பேன்" என்றேன்.

அரபுத் தமிழ் என்றால் தமிழை அரபு எழுத்தில் எழுதுவது. அதை நான் அதற்குமுன் கண்ணால்கூடப் பார்த்ததில்லை.

திறந்தால், எனக்குத் தெரிந்த எழுத்துகளுக்கு அடியில் எனக்குத் தெரியாத புள்ளிகள். அரபியில் 'தால்' எழுத்துக்கு அடியில் ஏது புள்ளி? 'ஃபே'க்கு மேலே ஒரு புள்ளி சரி, கீழே இன்னொன்று எதற்கு? பழைய புத்தகம், ஈ உட்கார்ந்து அசிங்கம் பண்ணியிருக்கிறது என்று முடிவு கட்டினேன். 'மாஃபிள்ளை' என்று வந்ததைச் சொந்த மூளையால் 'மாப்பிள்ளை' ஆக்கிக்கொண்டேன். தால் வந்த இடமெல்லாம் 'த' என்றே படித்தேன்.

முதல் வரி, 'பத்து மாப்பிள்ளை வந்தாரே'. சற்றே இடித்தது. பிறகு புரிந்தது, பத்துப் பேருக்குச் சமமான மாப்பிள்ளை! அந்தக் காலத்துப் புலவர்கள் லேசுப்பட்டவர்களா என்று புல்லரித்துப் போனேன்.

மாப்பிள்ளை வாசலுக்கு வந்ததும் ராஜகிரி மலைக் குரங்குகளுக்கும் கேட்கும்படி எடுத்துவிட்டேன்.

"பத்து மாப்பிள்ளை வந்தாரே!
பாதிப் பாதி வாழ்த்துவோம்!"

மாலையும் கழுத்துமாக நின்ற மாப்பிள்ளை திரும்பிப் பின்னால் பார்த்தார். திரைக்கு அந்தப் பக்கம், ஆண்கள் கூட்டத்தில் ஒரு குரல்: "மீதி ஒம்போது பேரு எங்கப்பா? பிரியாணி பத்தாதே!"

அம்மா தூரத்திலிருந்து கண்ணை உருட்டினார். இன்னும் சத்தமாகப் பாடச் சொல்கிறார் என்று எடுத்துக்கொண்டேன்.

"கத்தி அணைக்கும் மாமியாரே!"

மாப்பிள்ளையின் அம்மாவுடைய குரல் ஊரறிந்தது. அவர் வீட்டுக்குள்ளிருந்து பிள்ளையைக் கூப்பிட்டால் மேல்மலையனூர் போகிற பஸ் நின்றுவிடும். முதலில் வெடித்தது ஜைனப்தான், அந்த மாமியாரின் மூத்த மருமகள். முந்தானையை வாயில் திணித்தும் நிற்கவில்லை. அடுத்து மொத்தக் கூடமும். முக்காட்டுக்குள் அக்காவின் தோள் குலுங்கியது. "அழுவாதடி" என்று யாரோ முதுகைத் தடவினார்கள்.

"யாருடி அவ, என்னைக் கத்தறேன்னு பாடறவ?" என்று மாமியார் கத்தினார்.

நிக்காஹ் இன்னும் ஆகவில்லை. மாப்பிள்ளை வீட்டார் கோபித்துக்கொண்டு எழுந்து போய்விட்டால் அக்காவின் கதி? புத்தகத்தை நீட்டினேன்.

"இதுல அப்டிதான் இருக்குது மாமி."

அவர் ஒரு புள்ளிமேல் விரலை வைத்தார். "இது இன்னா?"

"ஈ அசிங்கம் பண்ணது மாமி."

"ஈயா? அடியே, அரபியில 'ட' கெடையாது. தாலுக்கு அடியில புள்ளி வெச்சாதான் நமக்கு 'ட'. பட்டு மாப்பிள்ளை! பாடிப் பாடி வாழ்த்துவோம்! கட்டி அணைக்கும்…" அதற்குமேல் அவருக்கே முடியவில்லை. சிரிப்பும் அதே சத்தம்தான். அப்படியே என்னை இழுத்து, எலும்பு நொறுங்கக் கட்டிக்கொண்டார். அந்த வரியை எப்படிப் படித்தாலும் அவருக்குப் பொருந்தியது.

நிக்காஹ் நல்லபடியாக முடிந்தது. பாட்டைத் திருத்தி மறுபடி பாடினேன். ஒருவரும் ரசிக்கவில்லை. "இன்னாடி சப்புன்னு இருக்குது? மொதல்ல பாடினாப்ல பாடு" என்று உத்தரவு போட்டவர் அந்த மாமியாரேதான்.

அன்றிலிருந்து அந்தக் குடும்பத்தில் அப்படித்தான் பாடுகிறார்கள். போன வருஷம் அக்கா பேத்தி கல்யாணத்தில், ஏதோ நினைவில் "பட்டு மாப்பிள்ளை" என்று ஆரம்பித்துவிட்டேன். அந்த வீட்டுக்குப் புதிதாக வந்த மருமகள் என் முழங்கையைத் தொட்டு, மற்றவர்கள் முன்னால் என் மானம் போய்விடக் கூடாதே என்ற அக்கறையோடு காதில் சொன்னாள்:

"தப்பாப் பாடறீங்க பாட்டி. அது பத்து."