பரண்மேல் மூன்றாம் ஆட்டம் கேட்ட படலம்

நவம்பர் எட்டாம் தேதி, மாலை நான்கு மணி நாற்பத்தொரு நிமிடம்.

வாழ்க லைல் ஹாவ்கன். ஒன்பது ஆண்டுகளாக மில் சிட்டி கால்பந்து அரங்கின் வடக்குப் படிக்கட்டில் நின்று பெருமுரசு அறைந்த தோளன். பதினெட்டாயிரம் தொண்டைகளை ஒரே தாளத்தில் பூட்டி ஓட்டிய சாரதி. வாரநாட்களில் பள்ளிக்கூடங்களின் கொதிகலன்களைப் பழுதுபார்ப்பவன். கோரின் என்னும் நல்லாளின் கணவன். அவன் இப்போது அரங்கில் இல்லை. அரங்கிலிருந்து இருநூறு மைல் வடக்கே, பனி படிந்த காட்டின் நடுவே, பதினான்கடி உயரப் பரணில், வேட்டைக்காரர் அணியும் ஆரஞ்சு நிறக் கவசம் பூண்டு, மனைவியின் அண்ணன் வெர்ன் மாக்கியின் முழங்காலோடு தன் முழங்கால் இடிக்க, வாய் திறக்காமல் உட்கார்ந்திருக்கிறான்.

சொல்லுக்குத் துணை வரும் தெய்வங்களே, சற்று இந்தப் பக்கம் திரும்புங்கள். யானைமேல் யானை சரிந்த களங்களைப் பலர் பாடிவிட்டார்கள். ஒரு மனிதன் தன் கூச்சலோடு தானே பொருத களத்தை இன்னும் எவரும் பாடவில்லை.

போருக்குக் காரணம் ஒரு வாக்கு. ஜூலையில், ஏரிக்கரையில், மீன் வறுபட்டுக்கொண்டிருந்த வேளையில் அது கொடுக்கப்பட்டது.

“மாப்ள, இந்த வருஷமாவது மான் வேட்டை மொத நாளுக்கு வர்றியா, இல்ல பந்து பந்துன்னு ஓடிருவியா?” என்று கேட்டான் வெர்ன்.

“வர்றேன் மச்சான். சத்தியமா.”

அன்றைக்கு மில் சிட்டி, மேற்குப் பிரிவின் பதினைந்து அணிகளில் பன்னிரண்டாவதாகக் கிடந்தது. முதல் ஒன்பதுக்குத்தான் பிளேஆஃப் என்னும் கோட்டைவாயில் திறக்கும். பன்னிரண்டாம் இடத்தில் இருப்பவனுக்குச் சத்தியம் செய்வது எளிது. ஆனால் ஆகஸ்டில் அந்த அணி எழுந்தது. செப்டம்பரில் ஓடியது. அக்டோபரில் நான்காம் இடத்தில் போய் நின்றுகொண்டு, இனி என்ன என்று கேட்டது.

எட்டாவதும் ஒன்பதாவதும் ஒரே ஆட்டத்தில் மோதி ஒன்று வீழ்ந்தது. எஞ்சிய எட்டும் முதல் சுற்றில் இறங்கின. நான்காவதான மில் சிட்டிக்கு எதிரி ஐந்தாவதான போர்ட் ஹேவன், மேற்குக் கடற்கரைக்காரர்கள்.

முதல் சுற்றின் போர்முறை மூன்று ஆட்டங்கள். இரண்டை வென்றவன் மேலே போவான். முதல் ஆட்டம் பட்டியலில் மேலே இருப்பவன் ஊரில், இரண்டாவது கீழே இருப்பவன் ஊரில், ஆளுக்கு ஒன்று என்று நின்றால் மூன்றாவது மறுபடியும் மேலே இருப்பவன் ஊரில். இரண்டிலேயே கதை முடிந்துவிட்டால் மூன்றாவது ஆட்டம் என்று ஒன்று கிடையாது. நாட்காட்டியில் அதற்குக் குறித்த நாள் வெறும் சனிக்கிழமை ஆகிவிடும். அந்தச் சனிக்கிழமைதான் மான் வேட்டையின் முதல் நாள்.

லைல் அதைப் பார்த்தான். கலங்கவில்லை. ஏனென்றால் முதல் ஆட்டத்தில் மில் சிட்டி நான்கு கோல் போட்டது, ஒன்றும் வாங்கவில்லை. செருக்கு வீரர்களின் கண்ணைக் கட்டும் என்பார்கள். இவனுக்குக் கையையும் சேர்த்துக் கட்டியது. மறுநாளே தன் முரசுக் கோல்களைப் பக்கத்தில் நிற்கும் பெண்ணிடம் கொடுத்து, “மூணாவது ஆட்டம் வராது. வந்தா நீ அடி,” என்று வள்ளலாக மொழிந்தான்.

இரண்டாவது ஆட்டம் ஒன்றுக்கு ஒன்று. முதல் சுற்றில் கூடுதல் நேரம் கிடையாது. சமமானால் நேரே பெனால்டி. பெனால்டியில் போர்ட் ஹேவன் வென்றது. ஆளுக்கு ஒன்று.

வெள்ளிக்கிழமை பகல் இருவரும் வடக்கே வண்டியில் போனார்கள். வெர்ன் முப்பது ஆண்டு இரும்புச் சுரங்கத்தில் லாரி ஓட்டியவன். பேசினால் மான் ஓடிவிடும் என்று வீட்டில்கூட அளந்துதான் பேசுவான். அவனே அன்று வாய் திறந்தான்.

“நாலுக்கு பூஜ்யம் ஜெயிச்சீங்க. அடுத்தது ஒண்ணுக்கு ஒண்ணு. கூட்டினா அஞ்சுக்கு ஒண்ணு. அப்புறம் எதுக்கு இன்னொரு ஆட்டம்?”

“கூட்டக் கூடாது மச்சான். ஒவ்வொரு ஆட்டமும் தனி. அந்தக் கோலெல்லாம் அன்னிக்கே செத்துரும்.”

“அப்ப நாலு கோல் போட்டவனும் பெனால்டியில தப்பிச்சவனும் ஒண்ணா?”

“ஒண்ணுதான்.”

“அடுத்த சுற்றுலயும் இந்தக் கூத்துதானா?”

“இல்ல. அடுத்ததுலேருந்து ஒரே ஆட்டம். சமமா நின்னா அரைமணி நேரம் கூட ஆடணும், அதுக்கப்புறம்தான் பெனால்டி. கடைசி வரைக்கும் அப்படித்தான்.”

“மொத சுற்றுக்கு ஒரு சட்டம், மத்ததுக்கு வேற சட்டம்.”

“ஆமா.”

வெர்ன் பத்து மைல் யோசித்தான். பிறகு, “வேட்டை லைசன்ஸ் ஆபீஸ்காரனே தேவல,” என்றான்.

வெர்னுக்கும் அன்று ஒரு பெரும்பகை இருந்தது. அதன் பெயர் செனட்டர். மூன்றாண்டுகளாக அவன் மரத்தில் கட்டிவைத்த கேமராவில் மட்டும் தோன்றி, வெளிச்சத்தில் ஒருமுறையும் முகம் காட்டாத கலைமான் அது. படங்களை அவன் பர்சில், பேரப்பிள்ளைகளின் படங்களுக்கு முன்னால் வைத்திருந்தான். செனட்டர் வந்தால் கடைசி வெளிச்சத்தில்தான் வரும் என்பது அவன் துணிபு. வேட்டைச் சட்டப்படி ஐந்தேகாலுக்குமேல் சுடக்கூடாது. ஆகவே பரணில் ஒரே கட்டளை: பேசாதே, இருமாதே, சாக்லேட் தாளைப் பிரிக்காதே.

லைல் ஒப்புக்கொண்டான். வாக்கு வாக்குதான். ஆனால் வாக்கில் காதைப் பற்றி எதுவும் இல்லை. ஆரஞ்சுத் தொப்பிக்கு அடியில், வெர்ன் உட்காராத வலப்பக்கக் காதில், ஒரு சிறு இயர்போன். கைப்பேசியில் ஒற்றைக் கோடு சிக்னல். அதில் படம் வராது. வானொலி வர்ணனை வரும். வர்ணனைக்குப் பின்னால், வேறொரு கை அறையும் அவனுடைய முரசும் வரும்.

இனி களம்.

நான்கு நாற்பத்தொன்றுக்கு மில் சிட்டி ஒரு கோல் பின்தங்கி இருந்தது. ஏழு நிமிடம் மிச்சம். துயரம் ஊமைக்கும் எளிது. லைல் ஊமையாக இருந்தான். ஆனால் எண்பத்தெட்டாம் நிமிடத்தில் பந்து வலையில் விழுந்தபோது, ஒன்பதாண்டுப் பழக்கத்தால் பயிற்றப்பட்ட அந்தப் பெருங்கூச்சல், அடிவயிற்றுப் பாசறையிலிருந்து படை திரட்டிக் கிளம்பி, நெஞ்சக்கூட்டின் முப்பெரும் வாயில்களையும் தகர்த்து, தொண்டைக் கணவாயில் தேரும் காலாளுமாக நெருக்கியடித்து ஏறி, பல் என்னும் மதிலை முட்டி, உதடு என்னும் கதவை உலுக்கி, திற திற என்று ஆர்ப்பரித்த கணத்தில், அவன் தன் கம்பளிக் கையுறையைப் பாதிவரை வாயில் திணித்துக் கடித்தான். கோட்டை நின்றது. கண்ணிலிருந்து மட்டும் நீர் வந்தது. ஆனால் வாயைக் காத்தவன் காலைக் காக்க மறந்தான். முரசறைவோனின் வலதுகால் பலகையில் ஒருமுறை அடித்தது.

வெர்ன் திரும்பினான். காற்றைவிட மெல்லிய குரலில், “என்ன அது?” என்றான்.

“கால் மரத்துப்போச்சு.”

“வாயில கையுறை எதுக்கு? பசியா?”

லைல் தொப்பியைக் கீழே இழுத்துவிட்டான். வெர்ன் தொப்பியை உற்றுப் பார்த்தான். அறுபது வயது வேட்டைக்காரனின் கண் அது. நூறு அடியில் புல் அசைவதைப் பார்க்கும் கண்.

“காதுல என்ன வச்சிருக்க?”

“மச்சான்...”

“எத்தனை?”

“ஒண்ணுக்கு ஒண்ணு.”

“எனக்குச் சொல்லாத. எனக்கு வேண்டாம்.” வெர்ன் மறுபடியும் காட்டைப் பார்த்து உட்கார்ந்தான். ஐந்து மூச்சு விட்டான். “இப்போ?”

“முடிஞ்சிருச்சு. சமம்.”

“இனி அரைமணியா?”

“இந்தச் சுற்றுல கிடையாது. நேரா பெனால்டி.”

“ஆமா, சொன்ன. மறந்துட்டேன்.”

அப்போது பரணில் ஒரு புதிய மொழி பிறந்தது. லைல் கையுறைகளைக் கழற்றினான். இடக்கை மில் சிட்டி, வலக்கை போர்ட் ஹேவன். ஒரு கோல் விழுந்தால் ஒரு விரல் நிமிரும். தவறினால் கை இருந்தபடியே இருக்கும். பனியில் சிவந்த அந்த விரல்களை வெர்ன் ஓரக்கண்ணால் மட்டும் பார்த்தான். துப்பாக்கி காட்டை நோக்கியே இருந்தது. காட்டுக்கு மரியாதை குறையவில்லை. வலக்கையில் ஒன்று. இடக்கையில் ஒன்று. வலக்கையில் இரண்டு. இடக்கையில் புதிதாக விரல் நிமிரவில்லை. வெர்னின் மூக்கிலிருந்து ஒரு சிறு சத்தம் வந்தது. பரண் கட்டளைகளை வகுத்தவனே கிசுகிசுப்பைத் தாண்டியது அங்கேதான்.

ஐந்து ஐந்து உதைகள் முடிந்தபோது இரு கைகளிலும் நான்கு விரல்கள். இனி ஒவ்வொன்றாக. ஆறாவதில் இருவரும் போட்டார்கள். விரல்கள் தீர்ந்தன. ஏழாவதை உதைத்த போர்ட் ஹேவன்காரனின் பந்து கம்பத்தில் பட்டு வெளியே போனது. லைல் வலக்கையை மூடிக் காட்டினான். பிறகு இடக்கையின் சுட்டுவிரலை மட்டும் வளைத்துப் பிடித்தான். வெர்னுக்குப் புரிந்தது. இது விழுந்தால் முடிந்தது. உதைக்க வருபவன் இடது பின்காவலன். வாழ்க்கையில் ஒரு பெனால்டி எடுத்ததில்லை என்று வர்ணனையாளர் சொல்லிக்கொண்டிருந்தார்.

மணி ஐந்து ஏழு. செனட்டர் வந்தது.

அது மரங்களுக்கு நடுவிலிருந்து வரவில்லை. மரங்கள் விலகி அதைக் காட்டின. பத்துக் கிளைக் கொம்பைக் கிரீடமாகச் சூடி, மூச்சைப் புகையாக முன்னே அனுப்பி, வரி கட்டாத சிற்றரசன் தன் சொந்த நிலத்தைப் பார்வையிடுவதுபோல ஒரு காலை எடுத்து, யோசித்து, வைத்து, அறுபது தப்படியில் வந்து பக்கவாட்டில் நின்றது. வெர்னின் கன்னம் துப்பாக்கிக் கட்டையில் படிந்தது. அவன் தொண்டையில் மூன்றாண்டுகள் ஏறி இறங்கின.

லைல் இரண்டையும் பார்த்தான். காட்டில் செனட்டர், காதில் பின்காவலன். கோல் விழுந்தால் தன் வாய் தாங்காது என்று அவனுக்குத் தெரியும். ஒருமுறை கோட்டை நின்றது. இரண்டாம் முறை நிற்காது. காதில் கிடந்ததைக் கழற்றிக் கொடுத்த கொடையாளிகளை உலகம் பாடும். அந்த வரிசையில், வலக்கையை ஓர் அங்குலம், இன்னோர் அங்குலம் என்று உயர்த்தி, பந்தை வைத்துவிட்டு நான்கடி பின்னால் நகர்ந்த பின்காவலனை அங்கேயே நிறுத்தி, இயர்போனை உருவி உள்ளங்கையில் பொத்திக்கொண்டான் லைல் ஹாவ்கன். முரசு நின்றது. அரங்கம் அணைந்தது. பனி விழும் ஓசை மட்டும்.

வெர்னின் விரல் விசையில் இருந்தது. காற்று இல்லை. குறுக்கே கிளை இல்லை. லைல் மனத்துக்குள் சுடு என்றான். வெர்ன் சுடவில்லை. செனட்டர் தலையைத் தாழ்த்திப் புல்லை முகர்ந்தது. வெர்னின் காது சிவந்தது. கண் துப்பாக்கியின் குறிக்கண்ணாடியில் இருந்தது. மனம் வேறெங்கோ, கோல் வலைக்குப் பன்னிரண்டு கஜ தூரத்தில், ஒரு வெள்ளைப் புள்ளியின்மேல் இருந்தது. பிறகு, அடுப்படியில் நிற்பவளைக் கூப்பிடும் சாதாரணக் குரலில் அவன் கேட்டான்:

“உதைச்சானா இல்லியா?”

வெள்ளை வால் கொடிபோல் நிமிர்ந்தது. மூன்று தாவல். மரங்கள் மூடிக்கொண்டன.

லைல் இயர்போனைக் காதில் செருகினான். முரசு கேட்டது. தாளம் சரியாக இல்லை. அடிப்பவள் அழுதுகொண்டே அடித்தாள். தோற்ற அரங்கில் முரசு ஒலிக்காது. அவ்வளவு போதும். காக்க இனி வேட்டை இல்லை, கதவைப் பூட்ட இனி காரணம் இல்லை. மூன்று மணிமுதல் சிறைப்பட்டிருந்த அந்தக் கூச்சல் மதிலையும் கதவையும் சேர்த்துப் பெயர்த்துக்கொண்டு வெளியேறி, கிளைப் பனியை உதிர்த்து, காகங்களை எழுப்பி, சதுப்பைத் தாண்டி, உறைந்த ஏரியைத் தாண்டி, அடுத்த பரணிலும் அதற்கடுத்த பரணிலும் ஆரஞ்சுக் கவசம் பூண்டு மூச்சை அடக்கி அமர்ந்திருந்த அத்தனை வீரர்களின் ஒரு வருடக் காத்திருப்பையும் ஒருசேர நாசமாக்கிவிட்டு, கனடா எல்லைவரை போய்த் திரும்பியது. தொலைவில் யாரோ ஒருவர் மிகவும் நிதானமாகக் கெட்ட வார்த்தை சொன்னார்.

வெர்ன் துப்பாக்கியிலிருந்து தோட்டாக்களை ஒவ்வொன்றாக எடுத்துச் சட்டைப்பையில் போட்டான்.

“அடுத்தது என்னிக்கு?”

“ஆட்டக்காரங்க அவங்கவங்க நாட்டுக்கு ஆடப் போறாங்க மச்சான். ரெண்டு வாரம் கழிச்சு. இருபத்திரண்டாம் தேதி, சனிக்கிழமை.”

வேட்டைக் காலத்தின் கடைசிச் சனிக்கிழமை அது. வெர்ன் செனட்டர் நின்ற இடத்தைப் பார்த்தான். பிளாஸ்க்கின் மூடியைத் திருகினான்.

“பகல் ஆட்டமா, ராத்திரி ஆட்டமா?”