செத்தவர் கட்சி ஜட்ஜ்

உயிரோடு இருந்தவரைக்கும் வீட்டு நாய்கூட மதிக்காத மனிதர்கள், செத்த பிறகு மகாராஜா மரியாதை பெற்ற இடம் ஒன்று சேலத்தில் இருந்தது. அது எங்கள் ஜில்லா ஜட்ஜின் கோர்ட். வக்கீல்கள் அவருக்கு வைத்த பெயர் 'செத்தவர் கட்சி'. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளில் அவர் முன்னால் வாதாடி, அதாவது நடுங்கி, பிழைத்தவர்களில் அடியேனும் ஒருவன்.

உயில் எழுதியவர் காலமானதும், 'இது அவருடைய கடைசி உயில்தான்' என்று கோர்ட் ஆராய்ந்து முத்திரை வைத்துக் கொடுப்பதற்குப் புரோபேட் என்று பெயர். ஆட்சேபம் உள்ள சொந்தக்காரர்கள் வந்து கத்தலாம். நம்மவர் கேட்டுவிட்டு, "உங்க எல்லாருக்கும் வாய் இருக்கு, வக்கீல் இருக்கு. அந்த மனுஷர் ஒருத்தர்தான் வந்து பேச முடியாது. அவருக்கு நான் இருக்கேன்" என்பார்.

உயிலை இரண்டு கையாலும் எழுந்து நின்று வாங்குவார். இறந்தவரைக் 'கிழவன்' என்று சொல்லிவிட்ட பெரிய வக்கீல் ஒருவர், விட்டத்தைப் பார்த்து மன்னிப்புக் கேட்க வேண்டியதாயிற்று. ஒருமுறை நான் கொட்டாவி விட்டேன். "ஒருத்தர் கடைசியாப் பேசிண்டிருக்கார். உமக்குத் தூக்கம் வருதா?" என்றார். அன்றிலிருந்து எனக்கு வீட்டில்கூடக் கொட்டாவி வருவதில்லை.

ஜேடர்பாளையத்து நாச்சாயி என் கட்சிக்காரி. புருஷனை இழந்தவள், படுத்த படுக்கையான மாமனாரைக் கடைசிவரை பார்த்துக்கொண்டவள். அவர் வீட்டை அவளுக்கு எழுதிவைத்துவிட்டுக் காலமானார். உயில் செல்லாது என்று அவருடைய தம்பி மகன் பழனியப்பன் வந்து நின்றான். அவன் ஜெயித்தால் நாச்சாயி தெருவில்.

உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இருவரில் ஒருவர் காலமாகிவிட்டார். மிஞ்சியவர் பக்கத்துக் காட்டு விவசாயி குப்பண்ணன். எதிர்க்கட்சி வக்கீல் கேட்டார்: "கையெழுத்தை எங்கே உக்காந்து போட்டே?"

"கட்டுத்தரையிலீங்க. மாடு கட்டற எடத்துல."

"உயில் எழுதினவர்?"

"ஊட்டுக்குள்ள, கட்டல்ல படுத்திருந்தாருங்க."

"அங்கேயே போட்டா என்ன?"

"ஏனுங்க, பெரியவரு எதுர்க்க உக்கார முடியுமுங்களா? நிண்டுக்கிட்டு எழுத எனக்குக் கை வராதுங்க."

எதிர்க்கட்சி வக்கீல் விருந்து சாப்பிட்டவர்போல உட்கார்ந்தார். எழுதியவர் பார்வையில் படும்படி சாட்சி கையெழுத்திட வேண்டும் என்பது சட்டம். நான் சட்டப் புத்தகத்தை மும்முரமாகப் புரட்டினேன். தலைகீழாகப் பிடித்திருப்பதாகக் குமாஸ்தா காதில் சொன்னான்.

ஜட்ஜ், "வீட்டைப் பார்க்கணும்" என்றார்.

ஜேடர்பாளையமே திரண்டு நின்றது. தலைப்பாகையும் கோட்டுமாக வந்த ஜட்ஜ், நேரே உள்ளே போய் அந்தக் கயிற்றுக் கட்டிலில் மல்லாந்து படுத்தார்! டவாலி சேவகனுக்குக் கண் பிதுங்கியது. ஊர் ஜனம் சுவாமி புறப்பாட்டைப் பார்ப்பதுபோலக் கைகூப்பியது.

"குப்பண்ணா, அன்னிக்கு உக்காந்த இடத்திலே உக்காரு."

பழனியப்பன் பதறி ஓடிவந்தான். "எசமாங்க, பெரியப்பன் அப்படிப் படுக்கலீங்க. தல வாசப் பக்கமுங்க. செவுத்தப் பாத்துத்தான் கெடந்தாருங்க."

ஜட்ஜ் எழுந்து உட்கார்ந்தார். "வாசல் எந்தத் திசை?"

"வடக்குங்க" என்றான் பழனியப்பன் பெருமையாக. பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டான்.

வேலியோரம் நின்ற ஒருத்தி விடவில்லை. "ஏஞ்சாமி, வடக்க தல வெச்சு எந்த மனுசன் படுப்பான்? சீக்காளிய நீயா அப்படிப் படுக்கப் போட்ட?" கூட்டம் கொல்லென்று சிரித்தது.

நாச்சாயி அப்போதுதான் வாய் திறந்தாள். "தெக்க தலைங்க. மாட்டப் பாத்துக்கிட்டே கெடக்கோணும்பாருங்க மாமா. கதவச் சாத்தவே உடமாட்டாருங்க."

ஜட்ஜ் தெற்கே தலை வைத்து மறுபடி படுத்தார். வெளியே, வாசலுக்கு நேரே கட்டுத்தரையில் குப்பண்ணன் குந்தியிருந்தார்.

"குப்பண்ணா," என்றார் உள்ளிருந்து, "மூக்கைச் சொறியாதே. நன்னாத் தெரியறது."

நாச்சாயி தூணைப் பிடித்துக்கொண்டு அழுதாள். மறு வாய்தாவில் புரோபேட் கிடைத்தது. வீடு அவளுக்கே நின்றது. ஆனால் என்னால் மறக்க முடியாதது அன்று அந்த வீட்டில் கடைசி நிமிஷம். கட்டிலைவிட்டு எழுவதற்கு முன் ஜட்ஜ் கூரையைப் பார்த்து, மெல்ல, "பெரியவரே, நீங்க சொன்னது கேட்டுடுத்து" என்றார். பிறகு, தூங்குகிறவரைக் கலைக்கக் கூடாதே என்பவர்போல, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு வெளியே வந்தார்.

எனக்கும் வயதாகிறது. உயில் எழுதிவையுங்கள் என்கிறார்கள் பிள்ளைகள். எழுதலாம்தான். படுத்துப் பார்க்க அவர் இல்லையே!