ஆறாவது சுவரின் வாரிசுகள்

"அப்ப, இவங்கல்லாம் யாருன்னு உங்களுக்கே தெரியாதா?" என்று இரும்புக்கடை முதலாளி கேட்டபோது மணி பத்தரை. வெயில் உச்சந்தலையைப் பதம் பார்த்துக்கொண்டிருந்தது. ஏழு சுவர்களில் இது ஆறாவது.

கேட்கப்பட்டவருக்கு உண்மையிலேயே தெரியாது. நகரத்தின் பழைய சுவரோவியங்களை நடந்தே சுற்றிக்காட்டுவது அவர் உத்தியோகம். வாயைத் திறந்தால் 'அந்தக் காலத்துல' என்று ஆரம்பிப்பதால் அலுவலகத்தில் அவருக்குச் 'சரித்திரம்' என்று பெயர். அவரோ தன் வேலையைக் 'கால்நடைச் சுற்றுலா' என்பார். வருகிறவர்களைப் பார்த்தால் அந்தச் சொல்லின் இரண்டு அர்த்தமும் பொருந்துகிறது என்பது அவருடைய ஒன்பது வருஷ அனுபவம்.

ஆறாவது சுவர் பழைய தபால் நிலையத்தின் பக்கவாட்டில் இருந்தது. எதிரே பஸ் நிலையம். புகை படிந்து படிந்து சுவரின் மேல்பாகம் அடுப்படிச் சட்டிபோல் கறுத்துக் கிடந்தது. அதற்குக் கீழே ஆளுயரத்தில் பதினோரு பேர். முகத்தில் வேதனை, உடம்பில் முறுக்கு. சுற்றுலாத் துறை அச்சடித்த துண்டுப்பிரசுரத்தில் இந்தச் சுவருக்கு இரண்டே வரி: 'பதினோரு உழைப்பாளிகள். வரைந்தவர் பெயர் கிடைக்கவில்லை.'

முதலாளி முதல் சுவரில் நிழல் இல்லை என்றார். இரண்டாவதில் செருப்பு கடிக்கிறது என்றார். நான்காவதில் "இது என்ன, பெயின்ட் உரிஞ்சு போச்சு, வேற நல்லதா இல்லையா?" என்றார். இப்போது சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்துவிட்டார்.

"உங்க மேலதிகாரி பேரு என்ன?"

ஏற்கெனவே சரித்திரத்தின்மேல் இரண்டு புகார்கள். மூன்றாவது வந்தால் அடையாள அட்டையைப் பிடுங்கிக்கொள்வேன் என்று இயக்குநர் அம்மாள் கண்ணாடியைக் கழற்றிவிட்டுச் சொல்லியிருந்தார். கண்ணாடியைக் கழற்றினால் அவர் சொன்னதைச் செய்வார்.

"தெரியாம என்னங்க? சொல்லலாமா வேண்டாமான்னுதான் யோசிச்சேன்" என்றார் சரித்திரம், குரலைத் தாழ்த்தி. "மூணாவதா நிக்கறாரே, சட்டைக்குள்ள கையை விட்டுக்கிட்டு... அந்த மூக்கைப் பாருங்க. அப்புறம் வீட்டுக்குப் போய்க் கண்ணாடியில உங்க மூக்கைப் பாருங்க."

முதலாளி பார்த்தார். பேனா அந்தரத்தில் நின்றது.

"எங்க தாத்தாவா?"

"நான் சொல்லலை. நீங்க சொல்றீங்க."

"சட்டைக்குள்ள கையை ஏன் விட்டிருக்காரு?"

"நெஞ்சைத் தொட்டுச் சத்தியம் பண்றாருங்க. இந்த ஊருக்காகவே உழைப்பேன்னு."

பேனா பைக்குள் போயிற்று. முதலாளியின் கண்கள் கலங்கின. தாத்தாவின் பெயர் என்ன என்று கேட்டிருந்தால் அவர் திருதிருவென்று விழித்திருப்பார். ஆனால் மூக்கு ஒத்துப்போனபின் பெயர் எதற்கு?

தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று என்று சரித்திரம் வீடு போய்ச் சேர்ந்தார்.

அடுத்த சனிக்கிழமை முதலாளி இருபத்திரண்டு உறவினர்களோடு வந்து இறங்கினார். முதல் ஐந்து சுவர்களையும் யாரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நேராக ஆறாவதுக்கு வந்து மூன்றாவது ஆளின் காலடியில் நின்று அத்தை ஒருத்தி விசும்பத் தொடங்கினாள். அன்றைக்குக் கூட்டத்தில் ஒரு வக்கீலும் இருந்தார். அவருக்குப் பொறுக்கவில்லை.

"இவரு தாத்தா பழைய இரும்பு பொறுக்கினவரு. அவரு சுவத்துல நிப்பாரு, எங்க தாத்தா மட்டும் நிக்க மாட்டாரா? என்னய்யா சரித்திரம் இது? கோர்ட்ல கேக்கட்டுமா?"

"ஐயோ, உங்களைத்தான் கடைசியாச் சொல்லலாம்னு வெச்சிருந்தேன்" என்றார் சரித்திரம். "நடுவுல பாருங்க. உயரமா, கையை முதுகுப் பக்கம் கொண்டு போயிருக்காரே... பின்னால ரகசிய சாசனம் ஒண்ணை மறைச்சு வெச்சிருக்காரு."

"அப்படிப் போடு! எங்க பரம்பரையே சட்டப் பரம்பரைதான்" என்றார் வக்கீல்.

அதற்குப் பிறகு சரித்திரத்தால் நிறுத்த முடியவில்லை. தூணில் முதுகைக் கொடுத்து நின்றவர் பல் டாக்டரின் கொள்ளுத்தாத்தா ஆனார். ஊர்க் கட்டடம் சாயாமல் தாங்குகிறாராம். குனிந்து கணுக்காலைப் பிடித்திருந்தவர் தலைமையாசிரியையின் பெரியப்பா ஆனார். தாய்மண்ணைத் தொட்டு வணங்குகிறாராம். பிடரியில் கை வைத்திருந்தவரை, "எப்பேர்ப்பட்ட சிந்தனையாளர்!" என்று பஸ் நிலைய மேலாளர் கும்பிட்டு எடுத்துக்கொண்டார். ஒரு மாதத்தில் பதினோரு பேரில் பத்துப் பேருக்கு வாரிசு வந்தாயிற்று. உயிரோடு இருக்கும் அப்பாவுக்கு மாத்திரை வாங்கிக் கொடுக்க நேரமில்லாதவர்கள், செத்த தாத்தாவுக்காகச் சனிக்கிழமைதோறும் வெயிலில் நின்றார்கள்.

வீட்டிலும் நிம்மதி இல்லை.

"ஊர்ல கண்டவனுக்கெல்லாம் தாத்தா குடுக்கறீங்க" என்றாள் மனைவி, அவர் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டே. "எங்கம்மா வீட்டுக்கு ஒண்ணு குடுத்தா கொறைஞ்சா போயிடுவீங்க? தம்பி மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்கிட்டிருக்கான்."

"அடியே, அதெல்லாம் பொய்யிடீ."

"பொய்யின்னா என்ன? அதுல நல்லதா ஒண்ணு பார்த்து எடுத்து வைங்க."

"பாக்கி ஒண்ணே ஒண்ணுதான் இருக்கு. அதுவும் பொம்பளை. ரெண்டு கையையும் தலைமயித்துக்குள்ள விட்டுக்கிட்டு நிக்குது."

"ஏன் அப்படி நிக்குது?"

"ஊரைப் பத்திக் கவலைப்படுதுன்னு வெச்சுக்கோயேன்."

மனைவி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். "எங்கம்மாவோட பெரியம்மா அப்படித்தாங்க. எப்பப் பாரு மத்தவங்க கவலைதான்."

சட்டையில் ஒரு கை கருகியிருந்தது. பதினோராவதும் மாமியார் வீட்டுக்குப் போயிற்று.

வாரிசுகள் பதினோரு பேரானதும் சண்டை தொடங்கியது. நடுவில் நிற்பவர்தான் தலைவர், ஆகவே சுவரடியில் வைக்கும் பெயர்ப்பலகையில் தன் தாத்தா பெயர்தான் பெரிய எழுத்தில் வரவேண்டும் என்று வக்கீல் துறைக்கு மனுப் போட்டார். சத்தியம் செய்கிறவர்தான் தலைவர், சாசனத்தை ஒளித்து வைக்கிறவன் திருடன் என்று முதலாளி எதிர் மனுப் போட்டார். இரண்டையும் கையில் பிடித்துக்கொண்டு இயக்குநர் அம்மாள் சரித்திரத்தைக் கூப்பிட்டார்.

"இதுக்கெல்லாம் என்னய்யா ஆதாரம்?"

உண்மையைச் சொல்ல நல்ல சந்தர்ப்பம். சரித்திரமும் சொல்லத்தான் வாயைத் திறந்தார். அம்மாளின் கை கண்ணாடியை நோக்கிப் போவதைப் பார்த்ததும் வாய் வேறு பக்கம் திரும்பிவிட்டது.

"சுவத்துலயே இருக்கு மேடம். வரைஞ்சவரே மேல எல்லார் பேரையும் எழுதி வெச்சிருக்காரு. பாழாப்போன பஸ் புகையில மறைஞ்சு போச்சு."

அவர் போட்ட கணக்கு அதுதான். தன் ஜன்னல் கண்ணாடியையே துடைக்காத துறை, முப்பதடி உயரத்துக் கரியையா துடைக்கப்போகிறது?

"அப்படியா? நல்லதாப் போச்சு" என்றார் அம்மாள். "கரி எடுக்கறதுக்கு அடுத்த வாரம் ஆள் வருது. எந்தச் சுவத்துல ஆரம்பிக்கறதுன்னுதான் யோசிச்சுக்கிட்டிருந்தேன்."

சரித்திரம் ஆப்பசைத்த குரங்கானார். இரண்டு நாள் யோசித்துவிட்டு மறுபடி ஓடினார்.

"மேடம், கரியை எடுத்தா ஓவியமும் சேர்ந்து போயிடும். அப்புறம் பதினோரு குடும்பமும் நம்மளைத்தான் கிழிக்கும்."

"வாஸ்தவம்" என்றார் அம்மாள். "பதினோரு குடும்பத்தையும் நேர்ல கூப்பிட்டு உட்கார வெச்சிடுவோம். பத்திரிகைக்காரங்களையும் வரச் சொல்லிடுங்க. நாளைக்கு யாரும் ஒண்ணும் பேச முடியாது."

கடைசி முயற்சியாக, கரி எடுக்க வந்திருந்த பெண்மணியைச் சாரத்துக்கு அடியிலேயே போய்ப் பிடித்தார். ஐம்பது வயதிருக்கும், வாளிகளை வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"மேல ரொம்ப அழுத்தித் தேய்க்க வேண்டாம்மா. பழைய சுவரு."

"அழுத்தாம தேய்க்கறதுக்கு நான் எதுக்குங்க? காத்தே போதுமே" என்றாள் அவள்.

"இல்லம்மா, உங்களால முடியாதுன்னு சொல்ல வரலை..."

"முடியாதா?" அவள் நிமிர்ந்தாள். "இருபது வருஷமா இந்த வேலை பாக்கறேன். வெறும் சோப்புத் தண்ணியோட விட்டுடலாம்னு நினைச்சேன். இப்ப பாருங்க, பெரிய மருந்தையே எடுத்துட்டு வர்றேன்."

அந்த நாளும் வந்தது. சுவருக்கு முன்னால் நாற்காலிகள் போட்டிருந்தார்கள். யாரும் உட்காரவில்லை. ஒவ்வொரு குடும்பமும் இருப்பதிலேயே நல்ல துணியை உடுத்திக்கொண்டு தத்தம் முன்னோருக்கு நேர் கீழே இடம் பிடித்துக்கொண்டது. முதலாளியின் அத்தை வக்கீலின் மருமகளை முழங்கையால் இடித்தாள். பல் டாக்டர் அங்கிருந்த விளக்குத் தூணை யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. சரித்திரம் ஓரமாக நின்று எந்தப் பக்கம் ஓடினால் பஸ் உடனே கிடைக்கும் என்று பார்த்துக்கொண்டிருந்தார். மேலே ஒன்றும் இருக்காது. காலம் அழித்துவிட்டது என்று சொல்லலாம். சொன்னால் வக்கீல் நம்புவாரா? நம்பாவிட்டால்?

சாரத்தின் உச்சியில் அந்தப் பெண்மணி தேய்க்க ஆரம்பித்தாள். கறுப்புத் தண்ணீர் ஒழுகியது.

"எழுத்து!" என்று யாரோ கத்தினார்கள். "சிவப்பா எழுத்து வருது!"

சரித்திரம் அண்ணாந்து பார்த்தார். நிஜம்தான். கரிக்குள்ளிருந்து, ஆளுயரத்துக்கு, அழுத்தமாக ஓர் எழுத்து எழுந்துகொண்டிருந்தது.

"'கு' வருது!" என்று துள்ளினார் முதலாளி. "எங்க தாத்தா பேரு 'கு'லதான் ஆரம்பிக்கும்!" அந்தப் பெயரை அவர் போன வாரம்தான் அத்தையிடம் கேட்டுத் தெரிந்துகொண்டிருந்தார்.

"எங்க தாத்தாவுக்கும் 'கு'தான்!" என்றார் வக்கீல்.

சரித்திரத்துக்குக் கால் தரையில் பாவவில்லை. ஒன்பது வருஷமாக அவிழ்த்துவிட்டதெல்லாம் வெறும் பொய் இல்லையா? தனக்கே தெரியாமல் தன் நாக்கில் உண்மை குடியேறிவிட்டதா? இத்தனை நாள் கால்நடைகளுக்கு மத்தியில் ஒரு ஞானி நடந்துகொண்டிருந்திருக்கிறானே, ஒருத்தனுக்காவது தெரிந்ததா?

இயக்குநர் அம்மாள் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். "உங்களைத் தப்பா எடை போட்டுட்டேன். இன்னிலேர்ந்து நீங்கதான் தலைமை வழிகாட்டி."

"ஏதோ, என்னால முடிஞ்சது" என்றார் சரித்திரம். முகத்தில் அடக்கத்தை வரவழைக்க முயன்றார்; பழக்கமில்லாததால் வரவில்லை.

பத்திரிகைப் புகைப்படக்காரருக்கு ஒரு யோசனை தோன்றியது. "எல்லாரும் அவங்கவங்க முன்னோர் மாதிரியே நில்லுங்க. பிரமாதமா இருக்கும்!"

நின்றார்கள். முதலாளியும் அவர் வீட்டு இருபத்திரண்டு பேரும் சட்டைக்குள்ளும் தாவணிக்குள்ளும் கையை விட்டுக்கொண்டார்கள். வக்கீல் வீட்டார் கையை முதுகுக்கு வளைத்தார்கள். பல் டாக்டர் தூணில் முதுகைச் சாய்த்து முகத்தைச் சுளித்தார். தலைமையாசிரியை முழங்கால் வலியோடு குனிந்து கணுக்காலைப் பிடித்தாள். சரித்திரத்தின் மனைவியும் மச்சானும் மாமியாரும் இரண்டு கைகளையும் தலைமயிருக்குள் விட்டுக்கொண்டார்கள்.

"நீங்க மட்டும் என்ன தனியா நிக்கறீங்க? வாங்க இப்படி, கையைத் தூக்குங்க" என்றாள் மனைவி.

தலைமை வழிகாட்டி கையைத் தூக்கி, தலைமயிருக்குள் விட்டு, முகத்தில் ஊர்க்கவலையை வரவழைத்துக்கொண்டார். படம் எடுத்தாயிற்று. ஒன்றுக்கு ஐந்தாக எடுத்தாயிற்று.

மேலே தேய்த்து முடித்த பெண்மணி சாரத்தின் ஓரத்துக்கு நகர்ந்து சுவர் முழுவதையும் ஒரு பார்வை பார்த்தாள். பிறகு கீழே நின்ற கூட்டத்தைப் பார்த்தாள். மறுபடி சுவரைப் பார்த்தாள்.

"என்னம்மா எழுதியிருக்கு?" என்று சரித்திரம் தலையிலிருந்து கையை எடுக்காமலே அதிகாரமாகக் கத்தினார். "எல்லாருக்கும் கேக்கற மாதிரி சத்தமாப் படிங்க!"

"படிச்சே ஆகணுமாங்க?"

"ஏன், படிக்கத் தெரியாதா? படிங்கம்மா! ஊரே காத்துக்கிட்டிருக்கு!"

அவள் ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, ஒவ்வொரு சொல்லாக, தெருக்கோடி வரை கேட்கும்படி படித்தாள்:

"'குடும்பமே சொறிகிறதா? சிரங்குக் களிம்பு, ஒரு டப்பா போதும்!'"