எட்டு ரூபாய் வீடு

டிங். கொஞ்சம் இடைவெளி. டிங். இன்னும் கொஞ்சம் இடைவெளி. டிங்.

சொர்ணலட்சுமியின் டிரங்குப் பெட்டியில் தொங்கிய மணிப்பூட்டு இப்படித்தான் பேசும். சாவியை மூன்று சுற்றுச் சுற்ற வேண்டும். ஒவ்வொரு சுற்றுக்கும் பூட்டுக்குள்ளே ஒரு குட்டி மணி அடிக்கும். திருடன் கை வைத்தால் தெருவே எழுந்துகொள்ளட்டும் என்று திண்டுக்கல் பட்டறையில் யாரோ ஒரு புண்ணியவான் யோசித்துச் செய்தது. அவளுடைய கல்யாணச் சீரோடு வந்தது. அவள் கணவர் பொன்னுத்துரைக்கு, வயதாகித் தளர்ந்த பிறகும், கோயில் மணியோ ஐஸ்வண்டி மணியோ எது கேட்டாலும் கை தானாகச் சட்டைப் பைக்குப் போகும். அந்தப் பழக்கம் வந்த கதை இது.

ஐம்பத்தைந்தாம் வருஷம் பொன்னுத்துரை சரக்கு அடுக்கும் ஒரு புகையிலைக் கிட்டங்கியில் கணக்குப்பிள்ளை. சம்பளம் எண்பத்தைந்து ரூபாய். சிப்பத்தில் ஒரு பிடி எடை குறைந்தாலும் கண்டுபிடித்துவிடுவார் என்று முதலாளியிடம் நல்ல பெயர். வேட்டி, சட்டை, தலைமுடி, பையில் கிடக்கும் ரூபாய் நோட்டு, எல்லாவற்றிலும் புகையிலை நெடி. அவர் தெருமுனை திரும்பும்போதே மூக்கால் அறிந்து சொர்ணலட்சுமி இலை போட்டுவிடுவாள்.

அவர்கள் பன்னிரண்டு ரூபாய் வாடகைக்குக் குடியிருந்த ஓட்டு வீட்டை விற்கப் போவதாக வீட்டுக்காரர் சொன்ன அன்று, பொன்னுத்துரை சாப்பாட்டில் கை வைக்காமல் ஒரு பிரகடனம் செய்தார்.

"சொர்ணம், நாம சொந்த வீடு வாங்கப்போறோம்."

"எந்த வீட்டை?"

"இதே வீட்டைத்தான். விலை மூவாயிரம். சீட்டுப் பணம் ஆயிரம் கையில இருக்கு. மிச்சத்துக்கு இந்த வீட்டையே அடமானம் எழுதிக் குடுத்து, வட்டிக்குக் குடுக்கிற ஒச்சப்பன் அண்ணன்கிட்ட ரெண்டாயிரம் வாங்குறேன். நூத்துக்கு ஒரு ரூவா வட்டி. மாசம் இருவது. வாடகை இப்ப பன்னெண்டு குடுக்கோம். இருவதுல பன்னெண்டு போனா?"

"எட்டு."

"அம்புட்டுத்தான்! மாசம் எட்டு ரூவாய்க்கு ஒரு வீடு! ஊர் ஒலகத்துல எவனுக்காவது தோணுச்சா?"

"எட்டு ரூவா சரி. எம்புட்டு மாசத்துக்கு?"

கேள்வி பொன்னுத்துரையின் ஒரு காதில் நுழைந்தது. உள்ளே உட்கார இடமில்லாமல் மறு காது வழியே வெளியேறியது.

"அசலை எப்படிக் கட்டுவீக?"

"போனஸ் வரும்ல? தீவாளிக்குத் தீவாளி இருநூறு இருநூறா அடைச்சிருவேன்."

"ஓடு ஒடைஞ்சா இப்ப வீட்டுக்காரரு மாத்துறாரு. இனிமே?"

"இனிமே நாந்தாண்டி வீட்டுக்காரன். நான் மாத்துவேன்!"

"வெள்ளையடிக்க?"

"நான் அடிப்பேன்!"

"முனிசிபாலிட்டி வரி?"

"நான் கட்டுவேன்!" அதையும் அவர் மார்தட்டித்தான் சொன்னார்.

சொர்ணலட்சுமி பேசாமல் ரசத்தை ஊற்றினாள். அவள் ஒப்புக்கொண்டுவிட்டாள் என்று அவர் எண்ணினார். கல்யாணமாகி அத்தனை வருஷத்தில் அந்த மௌனத்தை அவர் ஒரு தடவையாவது எடை போட்டுப் பார்த்திருக்கலாம். புகையிலைச் சிப்பமாக இருந்திருந்தால் போட்டிருப்பார்.

அவள் அப்போது ஜாமை நினைத்துக்கொண்டிருந்தாள். முந்தைய வருஷம், ஆயக்குடியில் கொய்யா சல்லிசாகக் கிடைக்கிறதென்று பொன்னுத்துரை ஜாம் காய்ச்சி விற்கக் கிளம்பியிருந்தார். மூலதனம் அவளுடைய அட்டிகை. சித்திரை வெயிலில் பாட்டில்கள் ஒவ்வொன்றாக வெடித்தன. சுவரெல்லாம் ஜாம். அந்தத் தெரு எறும்புகள் அந்தக் கோடை முழுதும் வேலைக்குப் போகவில்லை. அட்டிகை திரும்பவே இல்லை.

இன்னொன்றும் இருந்தது. கீரனூரில் அவள் அம்மா விட்டுப்போன தோட்டத்தில் அவளுக்கு ஒரு பங்கு உண்டு. நிலத்தை வைத்திருந்த அண்ணன் சோலைமலை அதற்கு ஈடாகப் பணம் தர வேண்டும்.

"உங்கண்ணன் அந்தப் பங்குப் பணத்தை இப்பக் குடுத்தா வட்டியே வேணாமே?" என்று பொன்னுத்துரை கேட்டார்.

"அண்ணன் தருவாரு" என்றாள் அவள்.

அந்தச் சனிக்கிழமை தாடிக்கொம்புப் பெருமாளைக் கும்பிட்டு வருவதாகச் சொல்லிவிட்டுப் போனாள். வீடு நல்லபடியாக அமைய வேண்டுதல் போலும் என்று இவர் நெகிழ்ந்தார். செவ்வாய்க்கிழமை ஒச்சப்பனே கிட்டங்கிக்கு ஆள் அனுப்பினார்: பணம் தயார். வியாழக்கிழமை பத்திரம் பதிவாயிற்று. அன்று மாலை பொன்னுத்துரை வீட்டின் நான்கு சுவரையும் தட்டிப் பார்த்தார். பத்து வருஷம் குடியிருந்த சுவர்தான். ஆனாலும் சொந்தக்காரன் தட்டும்போது சத்தம் வேறு மாதிரி இருக்கிறதென்று சொன்னார்.

பிறகு மாதங்கள் போயின. மாதாமாதம் மூன்றாம் தேதி காலை, வேலைக்குப் போகிற வழியில், பொன்னுத்துரை ஒச்சப்பன் கையில் இரண்டு பத்து ரூபாய் நோட்டு வைப்பார். அன்று மத்தியானம் பொன்னுத்துரை சாப்பிட வந்து செத்த நேரம் தலைசாய்க்கும்போது, ஒச்சப்பன் குடையை மடக்கிக்கொண்டு வாசலில் நிற்பார்.

"தங்கச்சி, வெயிலு மண்டையப் பிளக்குது. செத்தோண்டு மோரு இருந்தாக் குடு தாயி."

சொர்ணலட்சுமி அவரை அடுப்படிப் பக்கமாக அழைத்துக் கருவேப்பிலை கிள்ளிப் போட்டு ஒரு சொம்பு நிறையக் கொடுப்பாள். அவர் போன பிறகு உள்ளறையில் டிங், டிங், டிங்.

"வட்டியும் வாங்கிக்கிறான், மோரையும் குடிக்கிறான்" என்று பொன்னுத்துரை பாயில் புரண்டபடி முணுமுணுப்பார். "அங்க என்ன சொர்ணம் சத்தம்?"

"கூறைப்புடவையக் காத்தாட விடுறேன்."

பாவம், பழசை நினைத்துக்கொள்கிறாள் என்று இரக்கப்பட்டுத் தூங்கிப்போவார். அந்த மணி தாலாட்டு மாதிரி இருக்கும் அவருக்கு.

தீபாவளிகளும் வந்தன. முதல் போனஸில் ரேடியோ. அடுத்ததில் கைக்கடிகாரம். அதற்கடுத்த வருஷம் மழையில் ஓடுகள் நொறுங்கின. வீட்டுக்காரர் மாற்ற வேண்டுமல்லவா, மாற்றினார். ஒரு தீபாவளிக்கு, கிட்டங்கியில் குரூப் போட்டோ எடுக்கிறார்கள் என்று ஒரு கோட்டுத் தைத்தார். போட்டோவில் அவர் பின்வரிசை. கழுத்து வரைதான் விழுந்திருந்தது.

வருஷத்துக்கொரு முறை சொர்ணலட்சுமி கேட்பாள். "அசல்ல எதுவும் கொறைச்சீகளா?"

"நூத்துக்கு ஒரு ரூவாதானே. எங்க ஓடிப்போகுது?"

அது ஓடிப்போகவில்லை. அசையாமல் அங்கேயே உட்கார்ந்திருந்தது.

அறுபத்தைந்தாம் வருஷம் ஒரு மாதக் கடைசியில் ஒச்சப்பன் அவரை வழியில் நிறுத்தினார்.

"அப்பு, கண்ணு மங்கிருச்சு. பழனிப் பக்கம் மக வீட்டோட போயிரலாம்னு இருக்கேன். ரெண்டாயிரத்தைக் கட்டிப் பத்திரத்தை வாங்கிக்க. இல்லையா, பணம் யாருதோ அவுக பேருக்கே பத்திரத்தை மாத்திக் குடுத்துட்டுப் போறேன்."

"உங்க பணமில்லையாண்ணே?"

"எனக்கேது அப்பு ரெண்டாயிரம்? நான் கைமாத்தி விடுறவன். மாசம் ஒரு ரூவாயும் ஒரு சொம்பு மோரும்தான் எனக்கு."

மோர் என்ற சொல்லில் பொன்னுத்துரை ஒரு நிமிஷம் நின்றிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். அவர் நிற்கவில்லை.

"பின்ன யாரு பணம்?"

"சொல்லக்கூடாதுன்னு வாக்கு. ஆனா ரொம்பக் கறாரான ஆளு அப்பு. ஒருவாட்டி நீ நாலாந்தேதி குடுத்த பாரு, 'வீட்டை ஏலத்துல விட்ருவமா'ன்னு கேட்டாக. நாந்தான் நல்ல மனுசன், விடுங்கன்னு கெஞ்சினேன்."

 அன்று பொன்னுத்துரை கிட்டங்கித் தராசின் முன்னால் உட்கார்ந்து, வாழ்க்கையில் முதல் தடவையாகத் தன் வீட்டை எடை போட்டார். பத்து வருஷ வட்டி இரண்டாயிரத்து நானூறு. கைப்பணம் ஆயிரம். இன்னும் நிற்கும் அசல் இரண்டாயிரம். ஓடு, வெள்ளை, வரியெல்லாம் தனி. மூவாயிரம் ரூபாய் வீட்டுக்கு ஐயாயிரத்து நானூறு! எட்டு ரூபாய் வீடு! யாரோ முகம் தெரியாத ஒரு கறார்ப் பேர்வழி எந்த வேலையும் செய்யாமல் அவர் உழைப்பைத் தின்று கொழுத்திருக்கிறான். இப்போது வீட்டையும் விழுங்கப் பார்க்கிறான். மகள் செல்லக்கிளிக்குப் பதினாறு வயது. அவளையும் கூட்டிக்கொண்டு இந்த வயதில் வாடகைக்கு வீடு தேடுவதா?

வீட்டுக்கு வந்து, "உங்கண்ணன் அந்தப் பணத்தை..." என்று தொடங்கினார்.

"அண்ணன் தருவாரு."

"பத்து வருசமா இதையே சொல்றே. அவன் ஒரு ஏமாத்துக்காரன். அவன் தோட்டத்துல கத்திரி பூக்காது, தென்னை காய்க்காது!"

சொர்ணலட்சுமி அடுப்படிக்குத் திரும்பினாள். அவள் இடுப்பில் பெட்டிச் சாவி தொங்கியது. பொன்னுத்துரை அதையே பார்த்தார். மாதம் தவறாமல் மணியடிக்கிற பெட்டியில் கூறைப்புடவை மட்டுமா இருக்கும்? சிறுவாட்டுக் காசு இருக்கும். அதை எடுத்து அந்தப் பேர்வழியின் முகத்தில் வீசுவது, போனஸ் வந்ததும் சத்தமில்லாமல் திருப்பி வைத்துவிடுவது. இதுதான் திட்டம்.

வெள்ளிக்கிழமை சொர்ணலட்சுமிக்கு எண்ணெய்க் குளியல். சாவியைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டுத்தான் போவாள். அன்று காலை பொன்னுத்துரை வயிற்றைப் பிடித்துக்கொண்டு பாயில் சுருண்டார். அவள் ஓமத்தைக் கருக வறுத்துக் கஷாயம் காய்ச்சிக் கொடுத்தாள். கசப்பு உச்சந்தலைக்கு ஏறியது. வீட்டைக் காப்பாற்ற நினைத்துக் குடித்தார். செல்லக்கிளி பள்ளிக்கூடம் போனாள். கொல்லையில் தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டதும் எழுந்தார்.

பூட்டின் மேல் ஈரத்துண்டைச் சுற்றினார். அதன் மேல் தலையணையை அமுக்கினார். போதாதென்று, சாவியைத் திருப்பும்போதெல்லாம் இருமுவது என்று முடிவு.

'லொக்!' டிங்.

"என்னங்க, வயித்து வலிக்கு எதுக்கு இருமல்?" கொல்லையிலிருந்து குரல்.

"கஷாயம் பொரை ஏறிருச்சு!"

'லொக்!' டிங்.

மூன்றாவது சுற்றில் இருமல் வரவில்லை. மணி மட்டும் வந்தது. அதுவரை கேட்காத அளவுக்குத் தெளிவாக, நீளமாக.

மூடியைத் தூக்கினார். கூறைப்புடவை இருந்தது. தாழம்பூ வாசனையை எதிர்பார்த்துக் குனிந்தவரின் மூக்கில் குப்பென்று புகையிலை நெடி அடித்தது. கிட்டங்கிக் கதவைத் திறந்த மாதிரி. புடவையை விலக்கினார். நூல் போட்டுக் கட்டிய பத்து ரூபாய் நோட்டுகள், அடுக்கு அடுக்காக. ஒரு கட்டை எடுத்து முகர்ந்தார். அடுத்ததை முகர்ந்தார். அவருடைய சட்டைப் பை நெடிதான் அத்தனையும்.

"வயித்து வலி தேவலையா?"

ஈரத்தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு சொர்ணலட்சுமி நின்றாள்.

"இது... இது என் நோட்டு!"

"இல்ல. என் வட்டி."

பொன்னுத்துரை தலையணையின் மேல் உட்கார்ந்தார். "அந்தக் கறாரான ஆளு..."

"நாந்தான்."

"அப்ப அந்த ரெண்டாயிரம்?"

"எங்கம்மா பங்கு. அண்ணன் அந்த வருசமே குடுத்துட்டாரு. நாந்தான் தாடிக்கொம்புக் கோயில்ல வச்சு ஒச்சப்பன் அண்ணன் கையில குடுத்தேன். பாவம் எங்கண்ணன், பத்து வருசமா உங்க வாயில விழுந்து கெடக்காரு."

"அடிப்பாவி! என் கையில குடுத்திருந்தா வட்டியே இல்லாம வீடு வாங்கியிருப்பேனே!"

"உங்க கையில குடுத்திருந்தா ஜாம் வாங்கியிருப்பீக."

பொன்னுத்துரை கையிலிருந்த கட்டை இன்னொரு தடவை முகர்ந்தார். 

"மாசம் இருவது ரூவா சேத்து வைங்கன்னு நாஞ் சொன்னாக் கேப்பீகளா? கடன் குடுத்தவன் கேட்டா மூணாந்தேதி காப்பி குடிக்காம ஓடுறீக. பொண்டாட்டி பேச்சுக்கு இல்லாத மருவாதி வட்டிக்கு இருக்கு. சரி, நாமளே வட்டியா இருந்துட்டுப் போவோம்னு இருந்துட்டேன்." அவள் நோட்டுக் கட்டை அவர் கையிலிருந்து மெதுவாக வாங்கினாள். "வர்ற வருசம் செல்லக்கிளியை மதுரையில காலேசுல சேக்கணும். அதுக்குத்தான். அந்தப் போட்டோவுக்குத் தச்ச கோட்டை வித்தா சேப்பீக?"

பொன்னுத்துரை மறுபடி அந்தப் பெட்டிக்குள் எட்டிப் பார்த்தார். பத்து வருஷம் தன் கையை விட்டுப் போய்விட்டதென்று நினைத்ததெல்லாம் தலைமாட்டுக்குப் பக்கத்து அறையில் படுத்துக் கிடந்திருக்கிறது. வீடு போகாது. மகள் படிப்பாள். பயம் விலகியதும் அவருக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கச் சிரிக்கக் கண்ணில் நீர் வந்தது. கஷாயத்தின் காரம் என்று சொல்லித் துடைத்துக்கொண்டார்.

"போகட்டும். எப்படியோ கடன் தொலைஞ்சது! புருசன் பொண்டாட்டிக்குள்ள என்ன அசலு, என்ன வட்டி!"

சொர்ணலட்சுமி புடவையை மடித்து மேலே வைத்தாள். மூடியைச் சாத்தினாள். டிங். டிங். டிங்.

"இன்னிக்கி என்ன தேதிங்க?"

"ரெண்டு."

"நாளைக்கு மூணு. அசலு அப்படியே நிக்கிதுல்ல?"

ஒச்சப்பன் சொன்னபடி பத்திரத்தை மாற்றிக் கொடுத்துவிட்டு மகள் வீட்டுக்குப் போய்விட்டதால் அவருடைய ஒரு ரூபாயையும் மோரையும் வட்டியில் கழிக்கும்படி பொன்னுத்துரை மனுப்போட்டுப் பார்த்தார். நடக்கவில்லை. அதற்குப் பிறகு மூன்றாம் தேதி அவர் எங்கும் போக வேண்டியிருக்கவில்லை. உள்ளறையில் மணி அடிக்கும், இவர் கை பைக்குப் போகும். செல்லக்கிளி மதுரையில் படித்து முடித்து அங்கேயே வேலைக்குப் போனாள்.

எழுபத்தெட்டாம் வருஷம் மார்ச் ஐந்தாம் தேதி, அந்த வீட்டில், பொன்னுத்துரை காலமானார். மூன்றாம் தேதி வட்டியைக் கட்டியிருந்தார்.